கேம் ஆடும்போது வெப்கேம் விளக்கு தானாக எரிகிறதா? ஃபார்மட் செய்யும் முன் திறந்தது யார் என்று பாருங்கள்

கேள்வி சுருக்கமாக இதுதான். கேமிங் கம்ப்யூட்டர், மானிட்டர் மேல் ஒரு யூஎஸ்பி வெப்கேம். வீடியோ அழைப்பு எதுவும் இல்லாதபோதே கேமராவின் விளக்கு எரிகிறது. சில நாள் கேம் தொடங்கியதும் எரிகிறது, சில நாள் ராத்திரி யாரும் தொடாமல் இருக்கும்போது. ஆன்டிவைரஸ் ஸ்கேனில் ஒன்றும் சிக்கவில்லை. யாராவது உள்ளே புகுந்து பார்க்கிறார்களா? விண்டோஸை அழித்துவிட்டுப் புதிதாகப் போட வேண்டுமா?

முதலில் கேமராவின் கேபிளைக் கழற்றி வையுங்கள். லேப்டாப் என்றால் லென்ஸ் மேல் ஒரு துண்டு கறுப்பு டேப் ஒட்டுங்கள். யாராவது பார்க்கிறார்களோ என்ற பயம் அத்தோடு நின்றுவிடும், மீதியை நிதானமாகப் பார்க்கலாம். ஃபார்மட் மட்டும் இப்போது வேண்டாம். எந்த புரோகிராம், எத்தனை மணிக்குக் கேமராவைத் திறந்தது என்ற பதிவை விண்டோஸே வைத்திருக்கிறது. ஃபார்மட் செய்தால் அந்தப் பதிவும் சேர்ந்து போய்விடும். காரணம் ஒரு சாதாரண புரோகிராம்தான் என்றால், அதை நீங்களே மறுபடி இன்ஸ்டால் செய்வீர்கள், விளக்கும் மறுபடி எரியும், ஏன் என்பது அப்போதும் தெரியாது. நிஜமாகவே மால்வேர் (கெடுதல் செய்யும் புரோகிராம்) என்றால், அது எந்த வழியாக வந்தது என்று தெரியாமலே அதே ஃபைலைத் திரும்ப இறக்கும் ஆபத்து இருக்கிறது. அதனால் வேலையின் வரிசை: பெயரைப் பிடிப்பது, பிறகு முடிவெடுப்பது.

கேமிங் கம்ப்யூட்டரில் இது அடிக்கடி நடப்பதற்கு ஒரு காரணம் உண்டு. அலுவலகக் கம்ப்யூட்டரில் கேமராவைத் தொடும் புரோகிராம் ஒன்றோ இரண்டோதான். விளையாடுகிறவர் கம்ப்யூட்டரில் பேசுவதற்கு ஒன்று, ஸ்ட்ரீம் செய்ய ஒன்று, கிராஃபிக்ஸ் கார்டின் ரெக்கார்டர் ஒன்று, கீபோர்டு, மவுஸ், ஹெட்செட் கம்பெனிகளின் கண்ட்ரோல் புரோகிராம்கள் என்று அரை டஜன் இருக்கும். பாதி விண்டோஸ் தொடங்கும்போதே தானாகத் தொடங்கிவிடும். கேமராவைக் கேட்கும் உரிமையை என்றோ ஒருநாள் நீங்களே கொடுத்திருப்பீர்கள்.

விளக்கு எப்படி எரிகிறது என்பதை முதலில் கவனியுங்கள். கம்ப்யூட்டரை ஆன் செய்யும்போதோ தூக்கத்திலிருந்து எழுப்பும்போதோ ஒரு நொடி மின்னி அணைந்தால் அது பெரும்பாலும் யூஎஸ்பி போர்ட்டுக்கு மின்சாரம் வந்து, கேமராவை விண்டோஸ் அடையாளம் காணும் நேரம். யாரும் படம் எடுக்கவில்லை. ஒரு புரோகிராம் தொடங்கும்போது ஓரிரு நொடி எரிந்து அணைந்தால், என்னென்ன கேமரா இருக்கிறது, எந்த அளவில் படம் தரும் என்று அது சோதித்துப் பார்த்திருக்கலாம். நிமிடக்கணக்கில் விடாமல் எரிந்தால்தான் ஏதோ ஒரு புரோகிராம் படத்தை வாங்கிக்கொண்டிருக்கிறது. கேபிளைத் திரும்பச் செருகும்போது, இந்த மூன்றில் எது என்று பாருங்கள். நேரத்தையும் குறித்துக்கொள்ளுங்கள், அது முக்கியம். "ராத்திரி எப்போதோ" என்பதை வைத்து எதையும் ஒப்பிட முடியாது. "11.42-க்கு எரிந்தது, 11.50 வரை அணையவில்லை" என்று இருந்தால் பாதி வேலை முடிந்தது.

இப்போது பதிவைப் பார்ப்போம். விண்டோஸ் 11-இல் செட்டிங்ஸ், அதில் பிரைவசி அண்ட் செக்யூரிட்டி, அதில் கேமரா. மேலே அனுமதிக்கான சுவிட்சுகள். கீழே இறங்கினால் ஸ்டோரிலிருந்து வந்த ஆப்களின் பட்டியல் தனியாக, டெஸ்க்டாப் ஆப்களின் பட்டியல் தனியாக இருக்கும். ஒவ்வொரு பெயருக்கும் கீழே, கடைசியாக எப்போது கேமராவைத் தொட்டது என்று தேதியும் மணியும் போட்டிருக்கும். இந்த நிமிடமே பயன்படுத்திக்கொண்டிருந்தால் மணிக்குப் பதில், தற்போது பயன்பாட்டில் இருக்கிறது என்று காட்டும். புதிய பதிப்புகளில் ரீசன்ட் ஆக்டிவிட்டி என்ற பகுதியைத் திறந்தால் கடந்த 7 நாட்களின் வரலாறும் கிடைக்கும். விண்டோஸ் 10-இன் பிந்தைய பதிப்புகளிலும் செட்டிங்ஸின் பிரைவசி பகுதியில் கேமராவுக்குள் போனால் இதே போன்ற பட்டியல் உண்டு. நீங்கள் குறித்து வைத்த மணியையும் பட்டியலில் உள்ள மணியையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். பெரும்பாலான ஆட்களுக்குத் தேடல் இந்தத் திரையிலேயே முடிந்துவிடும்.

ஸ்டோர் ஆப்களை இங்கே ஒவ்வொன்றாக அணைக்கலாம். டெஸ்க்டாப் ஆப்களுக்கு மொத்தமாக ஒரே சுவிட்ச்தான். அதையும் முழுதாக நம்ப வேண்டாம். சில டெஸ்க்டாப் புரோகிராம்கள் டிரைவர் வழியாக நேரடியாகக் கேமராவைத் தொட முடியும் என்று மைக்ரோசாஃப்டே எச்சரிக்கிறது. பட்டியலில் ஒரு பெயர் இருந்தால் அது நல்ல சாட்சி. பெயர் இல்லை என்பதை மட்டும் வைத்து யாரும் தொடவில்லை என்று சொல்லிவிட முடியாது.

இன்னும் துல்லியமாக வேண்டும் என்றால் இந்தத் திரைக்குப் பின்னால் உள்ள மூலப் பதிவைப் பாருங்கள். ரெஜிஸ்ட்ரி எடிட்டரை (விண்டோஸ் தன் உள் அமைப்புகளைச் சேமிக்கும் ரெஜிஸ்ட்ரியைக் காட்டும் கருவி) திறந்து, ஹெச்கீ கரண்ட் யூசர் என்பதற்குள் சாஃப்ட்வேர், மைக்ரோசாஃப்ட், விண்டோஸ், கரண்ட்வெர்ஷன், கேப்பபிலிட்டிஆக்சஸ்மேனேஜர், கன்சென்ட்ஸ்டோர், வெப்கேம் என்று ஒவ்வொன்றாக உள்ளே போங்கள். வெப்கேமுக்குக் கீழே நான்பேக்கேஜ்டு என்று ஒரு கிளை இருக்கும். ஸ்டோரிலிருந்து வராத புரோகிராம்கள் எல்லாம் அதற்குள். ஒவ்வொரு கிளையின் பெயரும் அந்த புரோகிராமின் முழு இருப்பிடம்தான், ஃபோல்டர்களைப் பிரிக்கும் சாய்ந்த கோட்டுக்குப் பதிலாக ஹேஷ் குறி போட்டிருப்பார்கள். அதனால் பெயரைப் பார்த்ததும் எந்த டிரைவில், எந்த ஃபோல்டரில் எந்த ஃபைல் என்று தெரிந்துவிடும்.

ஒவ்வொன்றுக்குள்ளும் இரண்டு மதிப்புகள் உண்டு. லாஸ்ட்யூஸ்டுடைம்ஸ்டார்ட் என்பது கேமராவைத் திறந்த நேரம். லாஸ்ட்யூஸ்டுடைம்ஸ்டாப் என்பது விட்ட நேரம். இரண்டாவது பூஜ்யம் என்று இருந்தால் அந்த புரோகிராம் கேமராவை இன்னும் விடவில்லை. நேரம் நமக்குப் புரிகிற மாதிரி இருக்காது, நீளமான ஓர் எண்ணாக இருக்கும். 1601 ஜனவரி 1 முதல் எத்தனை 100 நானோவிநாடிகள் கடந்தன என்ற கணக்கு அது. அடைப்புக்குள் உள்ள தசம எண்ணை எடுத்து 1 கோடியால் வகுங்கள், விநாடி வந்துவிடும். அதிலிருந்து 11,644,473,600-ஐக் கழித்தால் 1970 ஜனவரி 1 முதலான விநாடிக் கணக்கு கிடைக்கும். அதைத் தேதியாக மாற்றித் தரும் கருவிகள் ஏராளம். வரும் நேரம் யூடிசி (உலகப் பொது நேரம்) கணக்கில் இருக்கும், உங்கள் ஊர் நேரத்துக்கு மாற்றிக்கொள்ளுங்கள்.

இவ்வளவு சிரமப்படுவதற்குப் பலன் உண்டு. தொடக்கமும் முடிவும் இரண்டுமே தெரிவதால், ஓரிரு நொடி சோதனையா, முக்கால் மணி நேரம் ஓடிய பதிவா என்று பிரித்துப் பார்க்கலாம். அதோடு, புரோகிராமை அழித்த பிறகும் இந்தக் கிளை பெரும்பாலும் அப்படியே கிடக்கும். இப்போது கம்ப்யூட்டரில் இல்லாத ஒரு ஃபைல் போன மாதம் கேமராவைத் திறந்ததா என்பதுகூட இங்கே தெரியும். லோக்கல் மெஷின் பகுதியிலும் இதே பெயரில் ஒரு கிளை இருக்கிறது, அதையும் ஒரு முறை திறந்து பாருங்கள். எதையும் மாற்றவோ அழிக்கவோ வேண்டாம், படித்தால் போதும்.

சரி, பெயர் கிடைத்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். அந்தப் பெயர் எப்போதும் உண்மையான ஆளின் பெயராக இருக்காது. இதில்தான் பலர் வழிதவறுகிறார்கள். என்விடியா பிராட்காஸ்ட் மாதிரியான புரோகிராம்கள் நிஜக் கேமராவிலிருந்து படத்தை வாங்கி, பின்னணியை மங்கலாக்கி, இன்னொரு பொய்க் கேமராவாக மற்ற புரோகிராம்களுக்குக் கொடுக்கும். பேசும் ஆப்பில் அந்தப் பொய்க் கேமராவைத் தேர்ந்தெடுத்திருந்தால், நிஜக் கேமராவைத் திறந்ததாகப் பதிவில் நிற்பது இடையில் இருப்பவரின் பெயர். ஆகவே இடைத்தரகர் பெயர் வந்தால், அவரிடம் அந்த நேரத்தில் யார் படம் கேட்டார்கள் என்பதே அடுத்த கேள்வி. பிரவுசர் பெயர் வந்தாலும் இதே கதைதான். விண்டோஸுக்கு பிரவுசரைத்தான் தெரியும், எந்தத் தளம் என்று தெரியாது. பிரவுசரின் செட்டிங்ஸுக்குள் தள அனுமதிகளில் கேமரா என்ற பகுதியைத் திறந்து, அனுமதி பெற்ற தளங்களைப் பாருங்கள். தெரியாத பெயர் எதுவாக இருந்தாலும் நீக்குங்கள். பிரவுசரை மூடிய பிறகும் பின்னணியில் ஓட விடும் வசதி இயங்கினால் அதையும் அணைத்துவிடுங்கள்.

கேம் தொடங்கியதும் விளக்கு எரிகிறது என்றால் என் முதல் சந்தேகம் ரெக்கார்டர்கள் மேல்தான். கிராஃபிக்ஸ் கார்டோடு வரும் என்விடியா ஓவர்லேயிலும் ஏஎம்டி அட்ரினலினிலும் கேம் பதிவின் மூலையில் உங்கள் முகத்தையும் சேர்க்கும் வசதி வந்திருக்கிறது. கூடவே, நடந்து முடிந்த சில நிமிடங்களைப் பிறகு சேமித்துக்கொள்ளும் இன்ஸ்டன்ட் ரீப்ளே வசதியும் இருக்கிறது. ரீப்ளே வேலை செய்ய வேண்டும் என்றால் கேம் ஓடும் நேரம் முழுவதும் பின்னணியில் பதிவு ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். முகம் சேர்க்கும் வசதியும் இயங்கினால் கேமராவும் கூடவே ஓடும். நீங்கள் ரெக்கார்ட் பட்டனை அழுத்தவே இல்லை, ஆனாலும் கேம் திரை வந்ததும் விளக்கு வந்துவிடும். ஓவர்லேயைத் திறந்து கேமரா பகுதியை அணைத்துவிட்டு அதே கேமைத் தொடங்கிப் பாருங்கள்.

ஸ்ட்ரீம் செய்யவும் ரெக்கார்ட் செய்யவும் பயன்படும் ஓபிஎஸ் வேறு மாதிரி. அதில் ஒரு சீனில் (திரையில் என்னென்ன தெரிய வேண்டும் என்று நீங்கள் அமைத்து வைத்தது) வெப்கேமைச் சேர்த்து வைத்திருப்பீர்கள், இப்போது திரையில் காட்டுவது வேறு சீன். அல்லது கேமரா வரிசையில் உள்ள கண் படத்தை அழுத்தி மறைத்திருப்பீர்கள். படம் தெரியவில்லை, அதனால் கேமரா அணைந்துவிட்டது என்று நினைப்பது இயல்பு. ஆனால் ஓபிஎஸ் கேமராவை விட்டிருக்காது. சீன் மாற்றும்போது படம் உடனே வர வேண்டும் என்பதற்காக, புரோகிராம் திறந்திருக்கும் வரை கேமராவைப் பிடித்தே வைத்திருக்கும். அந்தக் கேமராவின் பிராப்பர்ட்டீஸைத் திறந்தால் டீஆக்டிவேட் வென் நாட் ஷோயிங் என்று ஒரு டிக் பெட்டி இருக்கும். அதை டிக் செய்தால்தான் மறைத்தவுடன் விடும். எந்தச் சீனில் எல்லாம் கேமராவைச் சேர்த்தீர்கள் என்று ஒவ்வொன்றாகப் பாருங்கள். பழைய சீன் தொகுப்பு ஒன்றில் மறந்துபோன கேமரா ஒன்று ஒளிந்திருப்பது வழக்கம்.

கேமே கேமராவைக் கேட்பதும் உண்டு. ஸ்டார் சிட்டிசனில் உங்கள் முக அசைவைப் பாத்திரத்தின் முகத்துக்குக் கொண்டுபோகும் வசதி 2018-இலேயே வந்துவிட்டது. ரோப்லாக்ஸில் உங்கள் முகத்தைப் பார்த்து அவதாரை அசைக்கும் வசதி இருக்கிறது. குழந்தைகள் விளையாடும் கம்ப்யூட்டர் என்றால் இதை முதலிலேயே பாருங்கள். விமான, கார் சிமுலேட்டர் ஆடுகிறவர்கள் தலை அசைவைப் பின்தொடர ஓப்பன்ட்ராக் மாதிரி ஏதாவது வைத்திருப்பார்கள், அதற்குக் கேமராதான் கண். இவை எல்லாம் செட்டிங்ஸில் அணைக்கக்கூடியவை.

கேம்களின் ஆன்டிசீட் புரோகிராம்கள் மேல் பலர் பழி போடுவதைப் பார்க்கிறேன். அவை விண்டோஸின் ஆழம் வரை உரிமை வாங்கிக்கொள்வதால் சந்தேகம் வருவது நியாயம்தான். ஆனால் ஏமாற்று புரோகிராமைக் கண்டுபிடிக்க அவை பார்ப்பது மெமரியையும் டிரைவர்களையும், அதற்கு உங்கள் முகம் தேவையில்லை. பதிவில் பெயர் வராமல் அவற்றின் மேல் குற்றம் சாட்டிக்கொண்டிருந்தால் நிஜமான ஆள் தப்பித்துவிடுவார். பேசும் ஆப்பான டிஸ்கார்டும் அப்படித்தான். வீடியோவை நீங்கள் போடும்போதோ செட்டிங்ஸில் வீடியோ சோதனையைத் தொடங்கும்போதோ கேமராவைத் திறக்கும். ஜன்னலை மூடினாலும் டாஸ்க்பார் ஓரத்தில் உயிரோடு இருக்கும் என்பதை மட்டும் நினைவில் வையுங்கள்.

அடுத்து, ராத்திரி யாரும் தொடாமல் எரிவது. அதிகம் பயமுறுத்துவது இதுதான். உங்கள் கேமராவில் முகம் பார்த்து உள்ளே விடும் விண்டோஸ் ஹலோ வசதி இருந்தால், லாக் திரை வந்ததும் அது முகத்தைத் தேடும். கேமராவில் உள்ள இன்ஃப்ராரெட் விளக்கு இருட்டில் மங்கிய சிவப்பாகத் தெரியும். தூங்கிக்கொண்டிருந்த கம்ப்யூட்டர் எதற்காகவாவது எழுந்தால், அப்டேட் ஆகட்டும், மேசை ஆடியதில் மவுஸ் நகர்ந்தது ஆகட்டும், லாக் திரை வரும், கேமராவும் கண் திறக்கும். செட்டிங்ஸில் கேமரா அனுமதியை மொத்தமாக அணைத்து வைத்தாலும் ஹலோ வேலை செய்யும், மைக்ரோசாஃப்ட் அதை அப்படித்தான் வைத்திருக்கிறது. சில புதிய லேப்டாப்களில் நீங்கள் எதிரில் இருக்கிறீர்களா என்று பார்த்துத் திரையை மங்கலாக்கும், விலகினால் பூட்டும் வசதியும் இருக்கிறது.

இதைச் சோதிப்பது எளிது. ஈவென்ட் வியூவரைத் திறந்து, விண்டோஸ் லாக்ஸில் சிஸ்டம் பகுதியில், பவர் ட்ரபிள்ஷூட்டர் என்ற மூலத்திலிருந்து வந்த 1 என்ற எண் கொண்ட பதிவுகளைத் தேடுங்கள். எப்போது தூங்கியது, எப்போது எழுந்தது, எது எழுப்பியது என்று அதில் இருக்கும். நீங்கள் விளக்கைப் பார்த்த நேரமும் எழுந்த நேரமும் ஒன்றாக இருந்தால், சைன்-இன் ஆப்ஷன்ஸில் முகம் பார்க்கும் வசதியைச் சில நாட்கள் நீக்கி வையுங்கள். விளக்கு நின்றுவிட்டால் ஆள் கிடைத்துவிட்டார்.

விளக்கு எரியும்போதே கையும் களவுமாகப் பிடிக்க விரும்பினால் மைக்ரோசாஃப்டின் சிஸ்இன்டர்னல்ஸ் கருவிகளில் ஒன்றான புராசஸ் எக்ஸ்ப்ளோரர் இருக்கிறது. டிவைஸ் மேனேஜரில் கேமராவின் பிராப்பர்ட்டீஸைத் திறந்து, டீட்டெயில்ஸ் பகுதியில் பிசிக்கல் டிவைஸ் ஆப்ஜெக்ட் நேம் என்பதைத் தேர்ந்தெடுத்தால் ஒரு பெயர் கிடைக்கும். அதை நகலெடுத்து, அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்த புராசஸ் எக்ஸ்ப்ளோரரில் ஹேண்டில் (ஒரு புரோகிராம் திறந்து பிடித்து வைத்திருப்பது) தேடும் பெட்டியில் போடுங்கள். கேமராவைப் பிடித்திருப்பவர் வரிசையில் வருவார். ஆனால் எஸ்விசிஹோஸ்ட் என்று மட்டும் வந்தால் பதறாதீர்கள். 2016 ஆகஸ்டில் வந்த விண்டோஸ் 10 ஆனிவர்சரி அப்டேட்டிலிருந்து, கேமராவை ஃபிரேம் சர்வர் என்ற விண்டோஸ் சர்வீஸ் திறந்து மற்ற புரோகிராம்களுக்குப் படத்தைப் பகிர்ந்து கொடுக்கிறது. ஒரே கேமராவை இரண்டு புரோகிராம்கள் ஒரே நேரத்தில் பார்க்க முடிவதற்கு அதுதான் வழி செய்தது. எஸ்விசிஹோஸ்ட் பெயரில் தெரிவது அந்த சர்வீஸ்தான். அதனிடம் கேட்டது யார் என்று அறிய மறுபடி மேலே சொன்ன பதிவுக்குத்தான் போக வேண்டும்.

முழுத்திரையில் ஆடும்போது விளக்கைக் கவனிக்க முடிவதில்லை என்பவர்களுக்கு ஒரு நல்ல ஏற்பாடு உண்டு. விளக்கே இல்லாத கேமராக்களுக்காக விண்டோஸ் வைத்திருக்கும் வசதி அது. கேமரா திறக்கும்போதும் மூடும்போதும் திரையில் ஓர் அறிவிப்பு வரும். ரெஜிஸ்ட்ரியில் ஹெச்கீ லோக்கல் மெஷின், சாஃப்ட்வேர், மைக்ரோசாஃப்ட், ஓஇஎம், டிவைஸ், கேப்சர் என்ற இடத்தில் நோபிசிக்கல்கேமராஎல்ஈடி என்ற டிவேர்ட் வகை (எண்) மதிப்பை 1 என்று வைத்தால் போதும். கிளை இல்லாவிட்டால் உருவாக்கிக்கொள்ளலாம். ரெஜிஸ்ட்ரியில் கைவைக்கும் முன் பேக்கப் எடுத்துவிடுங்கள்.

பதிவில் எந்தப் பெயரும் இல்லை, ஆனாலும் விளக்கு விட்டு விட்டு மின்னுகிறது என்றால், கூடவே சாதனம் கழன்று சேரும் விண்டோஸ் ஒலியும் கேட்கிறதா என்று காது கொடுங்கள். கேட்டால் அது கேபிள் அல்லது போர்ட் கோளாறு. நீளமான எக்ஸ்டென்ஷன் கேபிள், ஆர்ஜிபி கீபோர்டும் ஹெட்செட்டும் பகிர்ந்துகொள்ளும் யூஎஸ்பி ஹப், இவை கேமராவுக்கு வேண்டிய மின்சாரத்தைக் குறைத்துவிடும். மதர்போர்டின் பின்பக்கப் போர்ட்டில் நேரடியாகச் செருகிப் பாருங்கள். லேப்டாப்களில் கேமராவை ஆன், ஆஃப் செய்யும் கீ கீபோர்டின் மேல்வரிசையில் இருந்தால், ஆட்ட வேகத்தில் விரல் பட்டும் இப்படி ஆகும்.

பயப்பட வேண்டிய இடம் எது? பதிவில் உள்ள ஃபைல் உங்களுக்கு அறிமுகமில்லாதது, தற்காலிக ஃபைல்களுக்கான டெம்ப் ஃபோல்டரிலோ, புரோகிராம்கள் தங்கள் ஃபைல்களை வைக்கும் ஆப்டேட்டாவுக்குள் அர்த்தமில்லாத பெயர் கொண்ட ஃபோல்டரிலோ உட்கார்ந்திருக்கிறது என்றால் நிமிர்ந்து உட்காருங்கள். ஆப்டேட்டாவில் இருப்பதே குற்றமில்லை, டிஸ்கார்டே அங்கேதான் இன்ஸ்டால் ஆகிறது. ஃபைலின் பிராப்பர்ட்டீஸில் டிஜிட்டல் சிக்னேச்சர் இருக்கிறதா, கம்பெனி பெயர் பொருந்துகிறதா என்று பாருங்கள். விண்டோஸ் செக்யூரிட்டியில் எக்ஸ்க்ளூஷன்ஸ் பட்டியலையும் கட்டாயம் திறந்து பாருங்கள். நீங்கள் சேர்க்காத ஃபோல்டர் அங்கே இருந்தால், அந்த இடத்தை ஸ்கேன் செய்யாதே என்று யாரோ விண்டோஸின் சொந்த ஆன்டிவைரஸான டிஃபெண்டரிடம் சொல்லி வைத்திருக்கிறார்கள். ஸ்கேனில் ஒன்றும் சிக்காமல் போனதற்குக் காரணம் அதுவாகவே இருக்கலாம். எனிடெஸ்க், டீம்வியூவர் மாதிரி தூரத்திலிருந்து இயக்கும் புரோகிராம்கள் நீங்கள் போடாமலே இருந்தால் அதுவும் கெட்ட அறிகுறி.

இது கற்பனை பயம் இல்லை. பிளாக்ஷேட்ஸ் என்ற மால்வேர் வெறும் 40 டாலருக்கு விற்கப்பட்டு, 100-க்கும் மேற்பட்ட நாடுகளில் 5 லட்சத்துக்கும் அதிகமான கம்ப்யூட்டர்களில் புகுந்தது. வாங்கியவர் அடுத்தவர் வெப்கேமைத் திறந்து பார்க்கலாம். 2014 மே மாதம் பல நாட்டுப் போலீசாரும் சேர்ந்து 90-க்கு மேற்பட்டவர்களைக் கைது செய்தார்கள். விளையாடுகிறவர்களைக் குறிவைப்பதும் பழக்கமானதுதான். கிராக் கேம், சீட் (ஏமாற்றி ஆட உதவும் புரோகிராம்), இலவச ஸ்கின், "என் கேமை டெஸ்ட் பண்ணிப் பாரு" என்று டிஸ்கார்டில் வரும் செய்தி, எல்லாம் ஒரே வலைதான். இன்ஸ்டால் செய்யும் முன் ஆன்டிவைரஸை அணைக்கச் சொல்லும் எதையும் தொடாதீர்கள். நல்ல இடத்திலிருந்து இறக்கினாலும் முழு உத்தரவாதம் கிடையாது. 2023 ஜூனில் மைன்கிராஃப்ட் மோட்களுக்குள் (கேமில் கூடுதலாகச் சேர்க்கும் ஃபைல்கள்) ஃபிராக்சரைசர் என்ற மால்வேர், மோட்கள் கிடைக்கும் தளமான கர்ஸ்ஃபோர்ஜ் வழியாகவே பரவியது. 2025 பிப்ரவரியில் பைரேட்ஃபை என்ற கேம் மால்வேரோடு, கேம் விற்கும் தளமான ஸ்டீமிலேயே வந்து நீக்கப்பட்டது. இந்த இரண்டும் பாஸ்வேர்டையும் பிரவுசர் குக்கீயையும் (நீங்கள் லாகின் ஆனதை நினைவில் வைக்கும் பதிவு) திருடும் வகை. கேமராவைத் தொடும் மால்வேர் வந்துவிட்டால், அதுவும் இவற்றை எல்லாம் எடுத்திருக்கும் என்றே கணக்கு வையுங்கள்.

அப்படி ஒரு ஃபைல் சிக்கினால் உடனே நெட் கேபிளைக் கழற்றுங்கள், வைஃபையை அணையுங்கள். பதிவுத் திரையையும் ஃபைல் இருக்கும் இடத்தையும் போனில் படம் எடுத்து வையுங்கள். போலீசில் புகார் கொடுக்க நேர்ந்தால் அது உதவும். பாஸ்வேர்டுகளை அந்தக் கம்ப்யூட்டரில் மாற்றாதீர்கள், போனிலோ வேறு கம்ப்யூட்டரிலோ மாற்றுங்கள். முதலில் மெயில், ஏனென்றால் மற்ற எல்லாக் கணக்கின் சாவியும் அதில்தான் இருக்கிறது. பிறகு ஸ்டீம், டிஸ்கார்ட், பணம் சம்பந்தப்பட்டவை. ஒவ்வொன்றிலும் எல்லா சாதனங்களிலிருந்தும் வெளியேற்றும் பட்டனையும் அழுத்துங்கள். குக்கீயைத் திருடியவருக்கு பாஸ்வேர்டே தேவைப்படாது. ஸ்டீமில் நீங்கள் உருவாக்காத ஏபிஐ கீ (வேறு புரோகிராம் உங்கள் கணக்கைத் தொட உதவும் சாவி) இருந்தால் அதையும் ரத்து செய்யுங்கள்.

டிஃபெண்டரின் ஆஃப்லைன் ஸ்கேன் கம்ப்யூட்டரை ரீஸ்டார்ட் செய்து, விண்டோஸ் எழும் முன்பே தேடும், சுமார் 15 நிமிடம் ஆகும். செய்து பாருங்கள். ஆனால் தூரத்திலிருந்து இயக்கும் மால்வேர் இருந்தது உறுதி என்றால் சுத்தம் செய்து சமாளிப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன். ஃபார்மட்டுக்கான நேரம் இதுதான். வேறு கம்ப்யூட்டரில் தயாரித்த யூஎஸ்பியிலிருந்து பூட் செய்து, விண்டோஸ் டிரைவின் பார்ட்டிஷன்களை அழித்துவிட்டுப் புதிதாகப் போடுங்கள். ஃபைல்களை வைத்துக்கொண்டு ரீசெட் செய்யும் வழி இதற்குப் போதாது. படங்கள், ஆவணங்கள், கேம் சேவ்கள் மட்டும் பேக்கப். இன்ஸ்டாலர்களும் மோட்களும் வேண்டாம், மறுபடி இறக்கிக்கொள்ளலாம். விண்டோஸ் 10-க்கான வழக்கமான ஆதரவு 2025 அக்டோபர் 14-இல் முடிந்துவிட்டதால், புதிதாகப் போடும்போது 11-க்குப் போவது நல்லது.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். "உன் வெப்கேமில் உன்னைப் படம் எடுத்துவிட்டேன், பணம் அனுப்பு" என்று மெயில் வந்து, அதில் உங்கள் பழைய பாஸ்வேர்டும் இருந்தால், விளக்கு எரிந்ததோடு அதை முடிச்சுப் போடாதீர்கள். எங்கோ கசிந்த பட்டியலிலிருந்து பாஸ்வேர்டை எடுத்து லட்சக்கணக்கானவர்களுக்கு ஒரே கடிதத்தை அனுப்புகிறார்கள். படம் எதையும் இணைக்காமல் மிரட்டினால் அநேகமாக வெற்று மிரட்டல்தான். பணம் அனுப்ப வேண்டாம், அந்த பாஸ்வேர்டை இன்னும் எங்காவது பயன்படுத்தினால் மாற்றுங்கள். மாறாக, உண்மையான படத்தைக் காட்டி மிரட்டினால், அதிலும் மிரட்டப்படுவது உங்கள் பிள்ளை என்றால், தயவுசெய்து திட்டாதீர்கள். செய்திகளை அழிக்காமல் வைத்துக்கொண்டு போலீசுக்குப் போங்கள். பணம் கொடுத்தால் மறுபடி கேட்பார்கள். குழந்தை பயந்து மறைத்தால் மிரட்டுபவரின் பிடி இன்னும் இறுகும்.

விளக்கு எரியவில்லை என்பதையும் முழு நிம்மதியாக எடுத்துக்கொள்ள வேண்டாம். விளக்கைச் சென்சாரின் மின்சாரத்தோடு நேரடியாக இணைத்த கேமராக்களும் உண்டு, கேமராவுக்குள்ளேயே பதிந்திருக்கும் புரோகிராமான ஃபர்ம்வேர் இயக்கும் கேமராக்களும் உண்டு. இரண்டாவது வகையில் ஃபர்ம்வேரை மாற்றினால் விளக்கில்லாமலே படம் எடுக்கலாம். 2008 வரையிலான சில ஆப்பிள் கம்ப்யூட்டர்களின் உள்கேமராவில் இதைச் செய்து காட்ட முடிந்ததை ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2013-இல் வெளியிட்டார்கள். அதனால் தனி வெப்கேம் என்றால் வேலை இல்லாத நேரத்தில் கேபிளைக் கழற்றி வைப்பதுதான் உறுதியான பாதுகாப்பு. கழற்றினால் அதிலுள்ள மைக்கும் சேர்ந்து போய்விடும். லென்ஸை மட்டும் மூடினால் மைக் கேட்டுக்கொண்டேதான் இருக்கும். லேப்டாப்பில் கழற்ற வழி இல்லாததால் மூடியைப் போட்டுவிட்டு, செட்டிங்ஸில் கேமராவுக்குப் பக்கத்திலேயே இருக்கும் மைக்ரோஃபோன் பட்டியலையும் திறந்து பாருங்கள். அங்கேயும் பெயரும் மணியும் இதே மாதிரி பதிவாகியிருக்கும்.